சந்திரபாபுவின் கலை: ஒரு மதிப்பீடு

விளாத்திகுளம் தாலுகா கரிசல் காட்டில் தொடங்கி முத்துக்குளித்துறையில் முடிகிறது. பருத்தி விளையும் உட்பகுதி, ராக ஆலாபனையில் ஈடற்றவராய் விளங்கிய நல்லப்ப சுவாமிகளை (1889–1965) நமக்கு அளித்தது. 1530-களில் போர்த்துக்கீசியர் தொடர்பால் கத்தோலிக்க சமயம் தழுவிய பரதவர் வாழும் கரையோ, வேம்பாறு, வைப்பாறு முதல் தூத்துக்குடி, மணப்பாடு வரை, தேவாலயத்தின் வழியே மேற்கத்திய சங்கீதத்தையும் தன்னுடையதாக்கிக் கொண்டது. அந்தக் கரையின் குரலை வெள்ளித்திரைக்குக் கொண்டு வந்தவர் ஜே. பி. சந்திரபாபு.

1927 ஆகஸ்டில், பனிமய மாதா பெருவிழா நடைபெறும் பருவத்தில், தூத்துக்குடியில் பிறந்த அவருடைய முழுப் பெயர் ஜோசப் பனிமயதாஸ் சந்திரபாபு ரொட்ரிகஸ். தந்தை சுதேசப் பற்று மிக்க விடுதலைப் போராட்ட வீரர். அதன் பொருட்டுக் குடும்பம் கொழும்பில் வாழ நேர்ந்தது. பின்னர் சென்னை வந்த சந்திரபாபு, 1947-இல் 'தன அமராவதி'யில் அறிமுகமானார். அதன்பின் வாய்ப்பின்றி அலைந்த ஆண்டுகளையும், 1952-இல் மனம் ஒடிந்து உயிரை விட முனைந்ததையும், இறுதிக்காலக் கடன் தொல்லைகளையும் முகிலின் 'கண்ணீரும் புன்னகையும்' உள்ளிட்ட நூல்களும் பத்திரிகைகளும் பரிவோடு பதிவு செய்திருக்கின்றன. ஆனால் அவர் பட்ட துயரைப் பேசிய அளவுக்கு அவர் கலையின் சூட்சுமத்தை நாம் பேசவில்லை.

அக்கலையில் முதலாவது சாரீரம். மார்புக் குரலிலிருந்து உச்சக் குரலுக்கு ஒரு நொடியில் தாவித் திரும்பும் 'யோடலிங்' முறையைத் தமிழ்ச் சொற்களின் இயல்பு குலையாமல் அவர் கையாண்டார். 1954-இல் 'பெண்' படத்தில் வீணை வித்வானான எஸ். பாலசந்தரே திரையில் வாயசைக்க, பின்னணியில் ஒலித்தது சந்திரபாபுவின் குரல் என்பது அவர் இசைத் திறனுக்குப் போதிய சான்று. 'மரகத'த்தில் (1959) கே. ஜமுனாராணியுடன் பாடியபோதோ, அதே குரல் நாட்டுப்புற மெட்டின் குழைவைப் பெற்றது.

இரண்டாவது அங்க அசைவு. 'குலேபகாவலி' (1955) போன்ற படங்களில் அவர் ஆடுவதையும் விழுவதையும் எழுவதையும் கூர்ந்து நோக்கினால், ஒவ்வோர் அசைவும் தாளக் கணக்குக்குள் அடங்கியிருப்பதைக் காணலாம். அவருடைய ஹாஸ்யம் வசனத்தில் பிறந்ததைவிட லயத்தில் பிறந்ததே அதிகம். மூன்றாவது பேச்சு. 'சபாஷ் மீனா'வில் (1958) இரட்டை வேடமேற்ற அவர், ரிக்‌ஷாக்காரராகச் சென்னைத் தமிழை வெறும் கேலிப் பொருளாக்காமல், உழைக்கும் மனிதன் ஒருவனின் மிடுக்கான மொழியாக ஒலிக்கச் செய்தார். 'சகோதரி' (1959) முடிந்தபின் அவர் பகுதியைத் தனியே படமாக்கி ஏ.வி.எம். சேர்த்ததும், அப்படத்தின் வெற்றிக்கு அது துணை நின்றதும் இத்திறன்கள் பெற்ற மதிப்பைக் காட்டும்.

எனினும் 'கவலை இல்லாத மனிதன்' (1960), 'குமார ராஜா' (1961) முதலிய கதாநாயக முயற்சிகளும், தாமே இயக்கிய 'தட்டுங்கள் திறக்கப்படும்' (1966) படமும் அவரை உயர்த்தவில்லை, எம்.ஜி.ஆரை வைத்துத் தொடங்கிய 'மாடி வீட்டு ஏழை' பாதியிலேயே நின்றது. இவ்விடத்தில் பிரேசில் நடிகர் கிராந்தே ஒத்தேலோவை (1915–1993) நினைவுகூர்தல் பொருத்தம். ரியோ நகரின் பாட்டும் கூத்தும் நிறைந்த 'சான்சாதா' படங்களில் சிரிக்க வைத்த அந்தக் கறுப்பின நடிகரை, 1969-இல் புதிய சினிமா இயக்கத்தைச் சேர்ந்த ஜோவாக்கிம் பெத்ரோ ஜி அந்திராதே 'மக்குநாயிமா'வில் முதன்மைப் பாத்திரமாக்கினார். ஹாஸ்ய நடிகரின் ஆற்றல் அங்கே தேசத்தின் சுயவிமரிசனமாக மலர்ந்தது. சந்திரபாபுவோ 1974 மார்ச் 8-இல் நாற்பத்தாறு வயதிலேயே மறைந்தார். நடிகரைப் புதிய கோணத்தில் கண்ட '16 வயதினிலே'யும் 'உதிரிப்பூக்க'ளும் அதன் பிறகே வந்தன.

ஆகவே அவர் வீழ்ச்சியை அவருடைய குணதோஷங்களால் மட்டும் விளக்குவது நியாயமாகாது. பாட்டு, ஆட்டம், பேச்சு மூன்றும் ஒருங்கே கைவந்த நடிகருக்கு ஏற்ற பாத்திரத்தை அன்றைய திரைத்தொழில் படைக்கவில்லை என்பதே மூல காரணம். இனி வரும் ஆய்வாளர்கள் அவர் பாடல்களை ஸ்வரப்படுத்தியும், காட்சிகளை அசைவு அசைவாகப் பகுத்தும் எழுதினால், தமிழ்த் திரை நடிப்பின் சரித்திரத்தில் அவருக்குரிய ஸ்தானம் இரக்கத்தால் அன்றித் தகுதியால் நிலைபெறும்.