தோற்றவர் எழுதிய வரலாறும் ஜோன் எறிக்சனின் மறுவாசிப்பும்

போரில் வென்றவரே வரலாற்றை எழுதுவர் என்பது பலரும் எடுத்தாளும் கூற்று. 1941 முதல் 1945 வரை ஜேர்மனிக்கும் சோவியத் யூனியனுக்குமிடையே நிகழ்ந்த போரைப் பொறுத்தவரை, மேற்குலகில் இக்கூற்று நெடுங்காலம் பொய்த்தே நின்றது. அங்கு அப்போரின் கதையைச் சொன்னவர்கள் தோற்ற தளபதியரே. 1942 வரை ஜேர்மன் தரைப்படைத் தலைமைப் பணியகத்தின் தலைவராயிருந்த பிரான்ஸ் ஹால்டர், போரின் பின்னர் ஐக்கிய அமெரிக்கப் படையின் வரலாற்றுப் பிரிவுக்காகத் தம் சக தளபதியரின் அறிக்கைகளைத் தொகுப்பதை நெறிப்படுத்தினார். மான்ஸ்டைனின் நினைவுக் குறிப்புகள் ‘இழந்த வெற்றிகள்’ என்னும் பெயருடன் 1955இல் வெளிவந்தன. நூலின் வாதத்தை அதன் தலைப்பே உணர்த்திவிடுகின்றது. வெற்றியை இழந்தவர் ஹிட்லர். தளபதியரோ வெல்லும் வழியறிந்தவர்கள். இவ்வெழுத்துக்களிற் செஞ்சேனை, தொகையாலும் பனியாலும் சேற்றாலும் வென்றதொரு மனிதத் திரளாகவே தோன்றியது. ஜேர்மன் படை இழைத்த கொடுமைகள் பற்றி அவை பெரும்பாலும் மௌனஞ் சாதித்தன.

இச்சான்றுகள் பழங்கதையாக முடங்கிவிடவில்லை என்பது மனங்கொள்ளத்தக்கது. சோவியத் படையை எதிரியாகக் கருதிய ஐக்கிய அமெரிக்கப் படை, அவற்றை 1950 தொடக்கம் கைந்நூல்களாகவும் வெளியிட்டது. தோற்றவரின் தன்னிலை விளக்கம் இவ்வாறு பாதுகாப்புக் கொள்கையின் அறிவாதாரமாயிற்று.

எடின்பரோ பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜோன் எறிக்சனின் முக்கியத்துவத்தை இப்பின்னணியிலேயே நோக்குதல் வேண்டும். ‘ஸ்டாலின்கிராட்டுக்கான பாதை’ (1975), ‘பேர்லினுக்கான பாதை’ (1983) ஆகிய இரு தொகுதிகளில், ருஷ்ய மொழி நூல்களையும் நினைவுக் குறிப்புகளையும் சோவியத் தளபதியருடன் நடத்திய நேர்காணல்களையும் அவர் ஜேர்மன் ஆவணங்களோடு ஒப்புநோக்கினார். விளைவாக, செஞ்சேனை திட்டமிடும், தவறிழைக்கும், கற்றுக்கொள்ளும் ஓர் அமைப்பாக வெளிப்பட்டது. 1944 ஜூனில் தொடங்கிய ‘பக்ரத்தியோன்’ நடவடிக்கை இதற்குத் தக்க சான்று. பிரதான தாக்குதல் தெற்கே நிகழுமென ஜேர்மன் உளவுப்பிரிவு நம்பியிருக்க, அது பெலோருஷ்யாவில் நிகழ்ந்து மத்திய இராணுவத் தொகுதியைச் சிதைத்தது. எதிரியை இவ்வளவு துல்லியமாக ஏமாற்றுதல் வெறுந்திரளுக்கு இயலாத காரியம்.

எனினும் இந்நூல்கள் குறையற்றவையெனக் கொள்ளல் பொருந்தாது. படைப்பிரிவுகளின் பெயர்களும் எண்களும் செறிந்த நடை வாசகரைக் களைப்படையச் செய்கின்றது. அதனினும் பெரிய குறை ஆதாரம் பற்றியது. ஆவணக் காப்பகங்கள் மூடிக்கிடந்த காலத்திற் சோவியத் வெளியீடுகளைச் சார்ந்தெழுதியவர், அவற்றின் மௌனங்களுக்கும் ஓரளவு கட்டுப்பட்டவரே. 86 இலட்சத்துக்கும் மேற்பட்ட சோவியத் படையினர் மாண்டனரெனக் காட்டும் கிறிவோஷீவ் குழுவினரின் கணக்கு 1993இலேயே வெளிவந்தது. 1942இன் இறுதியில் ர்ஷேவ் பகுதியில் தோல்வியுற்ற ‘மார்ஸ்’ நடவடிக்கை, ஸ்டாலின்கிராட் வெற்றியின் நிழலில் நெடுங்காலம் மறைந்து கிடந்தது. டேவிட் கிளான்ஸ் 1999இலேயே அதனைத் தனிநூலாக ஆராய்ந்தார். தன் தோல்விகளை மறைத்த அரசு, தன் வெற்றிகளையும் பிறர் ஐயுற இடமளித்தது எனலாம்.

சோவியத் யூனியன் 1991இல் மறைந்தது. ஆய்வுமுறை பற்றிய வினா மறையவில்லை. 2022 பெப்ரவரியில் ருஷ்யப் படை உக்ரேனுள் நுழைந்தபோது, கீவ் சில நாள்களில் வீழுமென ஆய்வாளர் பலர் மதிப்பிட்டனர், அது வீழவில்லை. முன்னையோர் தோற்றவரின் சொல்லை நம்பி ஒரு படையைக் குறைத்து மதித்தனர். பின்னையோர் படைக்கலத் தொகையையும் சீர்திருத்த அறிவிப்புகளையும் நம்பி மிகைத்து மதித்தனர். இரண்டும் ஒருபக்கச் சான்றின் பிழைகளே. ஒரு படையைப் பற்றிய தவறான மதிப்பீடு நூலகத்தோடு முடிவதன்று; அதன் விலையைக் களத்தில் நிற்போரும் நகரங்களில் வாழ்வோரும் செலுத்துகின்றனர். எதிர்த்தரப்பாரின் மொழியைக் கற்று, அவர் கூறுவதைக் கேட்டு, கேட்டதைப் பிற சான்றுகளோடு உரைத்துப் பார்க்கும் எறிக்சனின் பொறுமை இன்றும் வேண்டப்படுவது இதனாலேயாம்.