தன்னை ஆராயும் திரைப்படம்

அகப்பொருள் பாடும் புலவர் தலைமக்களின் இயற்பெயரைச் சுட்டலாகாது என்பது தொல்காப்பியர் வகுத்த மரபு. பெயர் மறைவதால் ஒருவரின் துயர் எல்லார்க்கும் உரியதாகின்றது. இதற்கு எதிர்முனையில் நிற்பது, ஆக்கியோன் தன் பெயரையும் குரலையும் முன்வைத்துத் தன் வாழ்வையே ஆராயும் ஆவணத் திரைப்படம். பிரெஞ்சு இயக்குநர் அன்யேஸ் வார்தா, 2000 ஆம் ஆண்டில் வெளிவந்த தம் படத்திலே, அறுவடைக்குப்பின் எஞ்சியன பொறுக்குவோரைக் காட்டுங்கால் முதுமையுற்ற தம் கையையும் படம்பிடித்தார். இலங்கைத் தமிழருள் இந்நெறியிற் சென்றவர் யூட் ரட்ணம்.

2017 இல் கான் திரைப்பட விழாவிற் சிறப்புக் காட்சியாகத் திரையிடப்பட்ட ‘டீமன்ஸ் இன் பரடைஸ்’ அவரது படைப்பு. 1983 யூலை வன்செயலின்போது, ஐந்து வயதுச் சிறுவனாய்ப் புகையிரதத்தில் வடக்கு நோக்கித் தப்பியோடியவர் அவர். வளர்ந்தபின் அப்பாதையிலேயே மீண்டும் பயணம் செய்து, போரின் சுவடுகளையும், தமிழ் இயக்கங்கள் தம்முள் நிகழ்த்திய கொலைகளையும் வினவுகின்றார். விடுதலைப் புலிகளல்லாத வேறோர் இயக்கத்தைச் சேர்ந்திருந்து, பின் கனடாவில் வாழ்ந்த உறவினர் ஒருவரும் உடன் வருகின்றார்.

இப்படத்தின் வலிமை பெருநிகழ்ச்சிகளில் இல்லை. தம் மகன் பொதுவிடத்தில் தமிழ் பேசக் கேட்டபோது தம்முள் எழுந்த அச்சத்தை இயக்குநர் மறையாது கூறுகின்றார். தந்தை மகனின் மழலைக்கு மகிழவேண்டிய வேளையில் அஞ்சுகின்றான் எனின், அஃதொன்றே முப்பதாண்டு வரலாற்றை உணர்த்தப் போதுமன்றோ? அன்றாட வாழ்வின் சிறு நிகழ்ச்சி பெருஞ்சான்றாகும் இடம் இது.

குறையும் இங்கேயே தோன்றுகின்றது. ‘நான்’ எனத் தொடங்கிய குரல் ‘நாம்’ என மாறுங்கால், ஒருவரின் பட்டறிவு ஓரினத்தின் தீர்ப்பாக ஒலிக்கின்றது. 2009 இறுதிப்போரின் பேரழிவு படத்தின் மையப் பொருளன்று. அவ்வழிவிற் சுற்றத்தை இழந்தோர்க்கு இத்தீர்ப்பு நிறைவற்றதாகவே படும். தன்னைப் பற்றிய சான்றுக்குத் தன் நினைவு போதும். பிறரைப் பற்றிய தீர்ப்புக்குப் பிறர் சான்றும் வேண்டும்.

எனினும், எதிர்ப்புக் காரணமாக 2017 யாழ்ப்பாணத் திரைப்பட விழாவினின்றும் அப்படம் விலக்கப்பட்டமை அக்குறைக்கு மருந்தாகாது. பெயர் சொல்லிப் பேசுவோனுக்குப் பெயர் சொல்லி மறுமொழி கூறலாம். அதுவே இக்கலை வடிவத்தின் அறம். காணாதார் அம்மறுமொழியைக் கூறுதல் எங்ஙனம்? உள்ளிருந்து எழும் வினாவை அடக்கிய சமூகம், வெளியார் கேட்கும்போது விடையின்றி நிற்கும்.

தமிழர், முஸ்லிம்கள், சிங்களவர் அருகருகே வாழும் திருகோணமலைக்கு இது பெரிதும் பொருந்தும். உட்டுறைமுகக் கரையிலும் மீன்சந்தையிலும் ஒருவர் எம்மொழியிற் பேசுகின்றார், எவரைக் கண்டு குரல் தாழ்த்துகின்றார் என்பன எழுதப்படாத வரலாறுகள். கைப்பேசியே படக்கருவியாகிவிட்ட இக்காலத்தில் அவற்றைப் பதிவுசெய்தல் மாணவர்க்கு அரிதன்று. தன் அச்சத்தை உண்மையாகக் கூறும் துணிவும், அயலவர் அச்சத்தைக் கேட்கும் பொறுமையும் வாய்ப்பின், யூட் ரட்ணம் தொடங்கிய பணி இவ்வூரில் நிறைவை நோக்கி நடைபெறும்.