பூண்டு வெண்ணெய் இறால்

மேல்விஷாரத்துக்குக் கடல் இல்லை, பாலாறுதான். சென்னைக் காசிமேட்டிலிருந்து வரும் இறால் 100 கிலோமீட்டருக்கு மேல் ஐஸ் பெட்டியில் பயணம் செய்திருக்கும். பிரியாணிக்குப் பேர்போன இந்தப் பக்கத்தில், தம் உடைக்கும் முன் விருந்தாளி கையில் கொடுக்க இந்தப் பூண்டு வெண்ணெய் இறாலைவிட நல்லது எதுவுமில்லை என்பேன்.

இறாலின் முதுகைக் கீறி, கறுப்பு நரம்பை உருவி, கழுவி, துணியால் ஈரத்தை ஒற்றியெடுங்கள். ஈரம் நின்றால் இறால் வறுபடாது, தண்ணீர் விட்டு வேகும்; பாதி ருசி அங்கேயே போய்விடும். மெல்லிய தீயில் வெண்ணெய் உருகியதும் இடித்த பூண்டு. அது பொன்னிறம் தாண்டினால் கசக்கும், அதனால் வாசம் கிளம்பியதுமே இறாலைப் போட்டுத் தீயைக் கூட்ட வேண்டும். பக்கத்துக்கு ஒன்றரை நிமிடம். சிவந்து, அரைவட்டமாய் வளைந்ததும் இறக்கி, எலுமிச்சை பிழிந்து மிளகு தூவுங்கள். முழு வட்டமாய்ச் சுருண்டால் ரப்பர்தான். விருந்தாளி வந்து உட்கார்ந்த பிறகே அடுப்பைப் பற்றவையுங்கள்.