இந்தப் படத்தில் எத்தனை சூரியன்?

பள்ளிக்கூடத்து டிராயிங் வகுப்பில் ஒருநாள் மேசை மேல் பித்தளைச் செம்பு ஒன்றை வைத்து வரையச் சொன்னார்கள். இடது பக்கம் ஜன்னல். நான் செம்பின் வலப்பக்க வயிற்றைப் பென்சிலால் தேய்த்துத் தேய்த்துக் கறுப்பாக்கினேன். கழுத்தில் ஒரு பளபளப்பையும் வைத்துவிட்டுப் பெருமையோடு நிமிர்ந்தபோதுதான், மேசையில் செம்பின் நிழல் விழவேண்டுமே என்று ஞாபகம் வந்தது. வலது பக்கம் தாளில் இடமில்லை, இடது பக்கம் நிறைய இருந்தது. அங்கே போட்டுவிட்டேன். வாத்தியார் தாளைக் கையில் எடுத்து ஜன்னலைப் பார்த்தார், செம்பைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "ஏன்டா, உங்க ஊர்ல ரெண்டு சூரியனா?"

வகுப்பே சிரித்தது. ஆனால் அந்தக் கேள்வி என்னோடு ஒட்டிக்கொண்டுவிட்டது. இன்றைக்கும் எந்தப் படத்தின் முன்னால் நின்றாலும் முதலில் அதைத்தான் கேட்கிறேன். ஓவியத்தை ரசிக்க வரலாறு தெரிய வேண்டும், பாணிகளின் பெயர் தெரிய வேண்டும் என்று பயந்து ஒதுங்குகிறவர்களுக்கு நான் காட்டும் குறுக்கு வழியும் இதுதான்: நிழல் எங்கே தப்பாக விழுந்திருக்கிறது என்று தேடுங்கள். குறை கண்டுபிடிப்பதா ரசனை என்று கேட்கலாம். அபஸ்வரம் காதில் உறுத்தத் தொடங்கிய பிறகுதானே நமக்குச் சுருதி சேர்கிற இடம் இனிக்க ஆரம்பித்தது?

முதலில் வீட்டிலேயே ஒரு பயிற்சி. இரவில், மற்ற விளக்குகளை அணைத்துவிட்டு, வெள்ளைத் தாளின் மேல் ஒரு வெள்ளை முட்டையை வையுங்கள். முட்டை ஆகாத வீடென்றால் வெள்ளைப் பந்து போதும். டேபிள் லைட்டை இடது பக்கம், கொஞ்சம் உயரத்தில் வைத்துக்கொள்ளுங்கள். இப்போது அவசரப்படாமல் இரண்டு நிமிடம் பாருங்கள். விளக்கைப் பார்த்த பக்கம் ஒரு வெளிச்சப் புள்ளி. அங்கிருந்து வலது பக்கம் போகப் போக மெல்ல மங்குகிறது. எங்கே மிக அதிகமாக இருட்டியிருக்கிறது? வலது ஓரத்தில் என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். இன்னொரு முறை பாருங்கள். இருட்டுப் பட்டை ஓரத்துக்குச் சற்று உள்ளேயே நின்றுவிடுகிறது. ஓரத்தை ஒட்டி மறுபடி ஒரு மங்கலான வெளிச்சம் தெரியும். தாளில் பட்டுத் திரும்பிய வெளிச்சம் அது. தாளுக்குப் பதில் சிவப்புத் துணியை விரித்தால் முட்டையின் அடிவயிறு சிவக்கும்.

படம் வரையப் பழகுகிறவர்கள் பெரும்பாலும் தடுக்கி விழும் இடம் இந்தத் திரும்பிவந்த வெளிச்சம்தான். ஓரத்தை முழுக்க முழுக்கக் கறுப்பாக்கிவிடுவார்கள். உடனே முட்டை உருண்டைத்தன்மையை இழந்து, கரி பூசிய தட்டு மாதிரி ஆகிவிடும். லியோனார்டோ டா வின்சி தன் குறிப்பேடுகளில் இந்தத் திரும்பும் ஒளியைப் பற்றி எழுதி மாளவில்லை. மாலை மங்கலிலும் மேகம் மூடிய நாளிலும் முகங்கள் எவ்வளவு மென்மையாகத் தெரிகின்றன என்பதும் அவர் கவனித்துச் சொன்னதுதான். மோனலிசாவின் வாயோரத்தை அடுத்த முறை பார்க்கும்போது கோடு எங்கே முடிகிறது, நிழல் எங்கே தொடங்குகிறது என்று தேடிப்பாருங்கள். கிடைக்காது. அவள் சிரிக்கிறாளா இல்லையா என்று ஊரே அடித்துக்கொள்வதற்கு அந்தப் புகைமூட்டமான இரண்டு ஓரங்களும் ஒரு காரணம்.

முட்டையிலேயே இன்னொன்றையும் கவனித்துவிடுங்கள். அதன் மேலேயே படிந்த நிழல் வேறு, அது தாளில் போட்ட நிழல் வேறு. தாளில் விழுந்தது முட்டையின் அடியை ஒட்டிய இடத்தில் அழுத்தமாக இருக்கும். தள்ளிப் போகப் போக விளிம்பு கலையும். படத்தில் இந்த ஒட்டும் இடம் விட்டுப்போனால் பொருள் மேசையில் உட்காராது, அந்தரத்தில் மிதக்கும். விளம்பரப் படங்களில் சோப்பும் ஷாம்பூ பாட்டிலும் சில சமயம் காற்றில் நிற்பது போலத் தோன்றுவது இதனால்தான்.

சரி, நிழல் தப்பினால் நமக்கு ஏன் உறுத்த வேண்டும்? இதற்கு ஒரு பதில் சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்தவரிடமிருந்து வந்தது. நரம்பியல் ஆய்வாளர் வி.எஸ். ராமச்சந்திரன் 1988இல் 'நேச்சர்' இதழில் எழுதிய கட்டுரையில் வெறும் வட்டங்களை வைத்தே விஷயத்தைக் காட்டினார். மேல்பக்கம் வெளுத்துக் கீழ்ப்பக்கம் கறுத்த வட்டம் புடைத்த மேடாகத் தெரிகிறது. அதையே தலைகீழாக்கினால் குழி. வெளிச்சம் மேலிருந்துதான் வரும், அதுவும் ஒரே இடத்திலிருந்துதான் வரும் என்று மூளை நம்மைக் கேட்காமலே முடிவு கட்டிவிடுகிறது. சூரியனுக்குக் கீழே வளர்ந்த மூளை வேறெப்படி நினைக்கும்? இதில் வேடிக்கை, அந்த 'மேலே' என்பது வானத்தைப் பொறுத்ததல்ல, தலையைப் பொறுத்தது. குனிந்து இரண்டு கால்களுக்கு நடுவே தலைகீழாகப் பார்த்தால் மேடும் குழியும் இடம் மாறிக்கொள்ளும். வயசானவர்கள் இதைச் செய்துபார்க்க வேண்டாம். உங்களுக்கு எளிய வழி இருக்கிறது: பணியாரக் கல்லை ஒரு பக்கமிருந்து மட்டும் வெளிச்சம் விழும்படி வைத்து, விளக்கு படத்தின் மேல்பக்கம் இருக்கும் மாதிரி செல்போனில் எடுத்துக்கொண்டு, போனைத் தலைகீழாகத் திருப்புங்கள். குழிகள் எல்லாம் இட்லி மாதிரி எழும்பி நிற்கும்.

நிலாவின் புகைப்படங்களிலும் இதே ஏமாற்று உண்டு. பள்ளங்கள் கொப்புளமாகத் தெரிந்தால் படத்தைத் திருப்பிப் பிடித்தால் போதும். நிலா என்றதும் கலிலியோவைச் சொல்லாமல் தாண்ட முடியாது. 1609இல் அவருக்குச் சில மாதங்கள் முன்பே இங்கிலாந்தில் தாமஸ் ஹாரியட் தொலைநோக்கி வழியே நிலாவைப் பார்த்துப் படம் போட்டுவிட்டார். அந்தப் படத்தில் இருட்டும் வெளிச்சமும் சந்திக்கும் கோடு கோணல்மாணலாக இருக்கிறது, சில கரும்திட்டுகள் இருக்கின்றன, அவ்வளவுதான். கலிலியோவுக்கு ஓவியப் பயிற்சி உண்டு. பழுப்பு மையைத் தண்ணீரில் கரைத்துத் தீட்டிய அவருடைய நிலாக்களில், ஒவ்வொரு புள்ளியும் சூரியன் இருக்கும் பக்கம் கறுத்து எதிர்ப்பக்கம் வெளுத்திருக்கிறது. மேடாக இருந்தால் சூரியனைப் பார்த்த பக்கம் அல்லவா வெளுக்க வேண்டும்? அப்படியானால் அது பள்ளம். விடியற்காலையில் நம் பள்ளத்தாக்குகள் தெரிவதைப் போலத்தான் இதுவும் தெரிகிறது என்று 1610இல் புத்தகமே போட்டுவிட்டார். அந்தப் புத்தகத்தில் ஒரு பள்ளம் இருக்க வேண்டியதைவிட மிகப் பெரிதாகப் போயிருக்கிறது. அளவு தப்பு, ஷேடு சரி. எனக்கு அந்தப் படத்தின் மேல் இருக்கும் பிரியம் இதனாலேயே கூடிவிட்டது. புத்தகம் வந்த பிறகு ஹாரியட் வரைந்த நிலாவிலும் பள்ளங்கள் வந்துவிட்டன என்பது இன்னொரு சுவாரசியம்.

இனி ஓவியக் கூடத்துக்குள் போகலாம். ஆம்ஸ்டர்டாம் ரைக்ஸ் மியூசியத்தில் இருக்கும் ரெம்பிராண்டின் 'இரவுக் காவல்', 1642இல் தீட்டியது. நடுவில் கறுப்பு உடையும் சிவப்புக் கச்சையுமாகத் தலைவர், பக்கத்தில் மஞ்சள் உடையில் துணைத்தலைவர். தலைவர் "கிளம்புங்கள்" என்பது போல இடது கையை முன்னால் நீட்டுகிறார். எல்லோரும் முகங்களைப் பார்த்துக்கொண்டிருக்கும்போது நீங்கள் மஞ்சள் உடையின் வயிற்றுப் பக்கம் பாருங்கள். நீட்டிய கையின் நிழல், விரல் விரலாக, அங்கே விழுந்திருக்கிறது. அந்த ஒரு நிழலை விரலால் மறைத்துவிட்டு அச்சுப் படத்தில் பார்த்தேன். இருவரும் தனித்தனி அட்டை பொம்மைகளாகிவிட்டார்கள். நிழல் இருந்தால்தான் அந்தக் கை துணியிலிருந்து வெளியே வந்து, நம்மைப் பார்த்து நீள்கிறது. அதே படத்தில், பின்னால் பொன்னிற உடையில் ஒரு சிறுமி விளக்கு ஏற்றி வைத்ததுபோல ஒளிர்கிறாள். அவளுக்கு மட்டும் அவ்வளவு வெளிச்சம் எங்கிருந்து வந்தது? எங்கள் வாத்தியார் பார்த்திருந்தால் ரெம்பிராண்டையும் பெஞ்சு மேல் ஏற்றியிருப்பார்.

'இரவு' என்ற பெயரே ஒரு தப்பான நிழலால் வந்ததுதான். படத்தின் மேல் பூசிய வார்னிஷ் காலப்போக்கில் அழுக்கேறிக் கறுத்ததால் பார்த்தவர்கள் இரவுக் காட்சி என்று நினைத்துவிட்டார்கள். 1940களில் அதைச் சுரண்டித் துடைத்தபோது உள்ளே பகல் இருந்தது. பெயர் மட்டும் மாறவில்லை.

வேண்டுமென்றே செய்த தப்புக்கு நான் எப்போதும் காட்டும் உதாரணம் காரவாஜியோ. லண்டன் நேஷனல் கேலரியில் இருக்கும் 1601ஆம் ஆண்டின் 'எம்மாவூஸில் இரவு உணவு'. உயிர்த்தெழுந்த இயேசு சாப்பாட்டு மேசையில் அப்பத்தை ஆசீர்வதிக்கிறார். வந்திருப்பவர் யாரென்று சீடர்கள் அந்தக் கணத்தில்தான் கண்டுகொள்கிறார்கள். மேசை விளிம்பைத் தாண்டிப் பழக்கூடை ஒன்று இதோ விழப்போகிறது என்று நீட்டிக்கொண்டிருக்கும்; கை நீட்டிப் பிடிக்கத் தோன்றும். வெளிச்சம் இடது பக்கம் மேலிருந்து வருகிறது. இயேசுவுக்கு இடது பக்கத்தில், நம் பார்வைக்குத்தான் சொல்கிறேன், விடுதிக்காரர் நின்றுகொண்டிருக்கிறார். ஒன்றும் புரியாத முகம். வெளிச்சத்துக்கும் இயேசுவுக்கும் குறுக்கே நிற்கிற ஆளின் நிழல் எங்கே விழ வேண்டும்? இயேசுவின் முகத்தில் ஒரு பகுதியாவது மறைய வேண்டாமா? முகத்தில் ஒரு சொட்டு நிழல் இல்லை. பின்சுவரில், இயேசுவின் தலைக்குப் பின்னால் போய் அது விழுந்திருக்கிறது, கறுப்பாக ஒரு ஒளிவட்டம் மாதிரி. புனிதர் தலைக்குப் பின்னால் பொன்வட்டம் வரைவது பழைய வழக்கம். காரவாஜியோ அதை ஒரு சமையல்காரத் தொப்பிக்காரரின் நிழலாலேயே வரைந்துவிட்டார், விடுதிக்காரருக்கே தெரியாமல். அந்தப் படத்தின் முன் முதல் தடவை நிற்கும்போது இது யாருக்காவது கண்ணில் படுமா என்றால், படாது. ஓவியர்கள் இப்படி நடக்கவே முடியாத நிழல்களை நூற்றாண்டுகளாகப் போட்டுக்கொண்டு வருவதையும், பார்ப்பவர்கள் கண்டுகொள்ளாததையும் பாட்ரிக் கேவனா என்ற ஆய்வாளர் 2005இல் எடுத்துக் காட்டினார். நிழல் சுற்றுப்புறத்தைவிடக் கறுத்திருந்தால் போதும். எந்தத் திசையில், என்ன வடிவத்தில் விழுந்தது என்று கண் கணக்குப் பார்ப்பதில்லையாம். தனி உருவத்தின் மேடு பள்ளத்தில் அவ்வளவு கறாராக இருக்கிற மூளை, காட்சி முழுவதும் விழும் நிழல்களில் இவ்வளவு தாராளம். என் செம்பு விஷயத்தில் வாத்தியார் மட்டும் விதிவிலக்கு.

இதற்குள் அஜந்தாவைப் பற்றிக் கேட்பீர்கள் என்று தெரியும். முதலாம் குகையின் பத்மபாணியை இந்தக் கேள்வியோடு அணுகினால் குழம்பித்தான் போவீர்கள். அங்கே வெளிச்சம் எந்தப் பக்கமிருந்தும் வரவில்லை. உடம்பின் விளிம்புகள் கொஞ்சம் கறுத்து, உள்ளே வர வர வெளுத்து, தோளும் மார்பும் திரண்டு நிற்கின்றன. தரையில் விழும் நிழல் என்ற பேச்சே இல்லை. ஷேடு போடத் தெரியாமல் விட்டதல்ல. விஷ்ணுதர்மோத்தரம் என்ற பழைய நூலின் சித்திரசூத்திரப் பகுதி நிழல் தீட்டுவதை வர்த்தனை என்று பெயரிட்டு, இலை நரம்பு போன்ற கோடுகளால் தீட்டுவது, மிக நுண்ணிய கோடுகளால் தீட்டுவது, புள்ளி வைத்துத் தீட்டுவது என்று மூன்று வகை சொல்கிறது. உருவத்துக்கு உருட்சி வேண்டும், ஆனால் அது எத்தனை மணி வெயிலில் நின்றது என்பது அவர்களுக்கு வேண்டாத விவரம். ஜன்னலைத் தேடாமல், விரலால் தடவுகிற மாதிரி கண்ணால் அந்தத் தோளைத் தடவிப் போகப் பழகுங்கள்.

வீட்டுச் சுவரில் தொங்கும் காலண்டர் முருகனுக்கும் இந்தச் சலுகையைக் கொடுத்துவிடலாம். கோவில்பட்டி ஓவியர் கொண்டையராஜு வழி வந்த அந்தப் படங்களில் கன்னத்தில் மேல்நாட்டு முறைப்படி ஷேடு இருக்கும், காலடியில் நிழல் பெரும்பாலும் இருக்காது. பாரதத்தில் வரும் நளன் கதை ஞாபகம் இருக்கிறதா? சுயம்வர மண்டபத்தில் ஐந்து நளன்கள். தேவர்களுக்கு நிழல் விழாது, கண் இமைக்காது, கால் தரையில் பாவாது என்பதை வைத்துத்தானே தமயந்தி உண்மை நளனைக் கண்டுபிடித்தாள்? அந்தக் கணக்குப்படி காலண்டர்காரர்கள் போட்டது நூற்றுக்கு நூறு சரி.

இந்தப் பயிற்சிக்கு ஆம்ஸ்டர்டாமுக்கும் லண்டனுக்கும் டிக்கெட் எடுக்கத் தேவையில்லை. நம் தெருமுனை ஃப்ளெக்ஸ் போர்டு போதும். பஸ்ஸுக்குக் காத்திருக்கும்போது நான் செய்கிற வேலை அதுதான். வெவ்வேறு நாளில், வெவ்வேறு இடத்தில் எடுத்த முகங்களை வெட்டி வரிசையாக ஒட்டியிருப்பார்கள். ஒவ்வொரு மூக்கின் நிழலும் எந்தப் பக்கம் சாய்கிறது என்று மட்டும் பாருங்கள். போன வாரம் எங்கள் ஸ்டாப்பில் ஒரு காதணி விழா போர்டு. தலைவருக்கு வலது பக்கம் சூரியன். கூலிங்கிளாஸ் போட்ட தாய்மாமனுக்கு ஸ்டுடியோ ஃப்ளாஷ், நிழலே இல்லாத அப்பளம் மாதிரி முகம். பெரியப்பாவுக்கு உச்சி வெயில், கண் இரண்டும் குழி. பதினோரு முகத்துக்கு ஏழு சூரியன் வரை எண்ணிவிட்டேன். நடுவில் விழா நாயகி, மொட்டைத் தலையோடு அழுதுகொண்டிருக்கிற குழந்தை மட்டும் ஏதோ ஜன்னலோரத்தில் எடுத்தது போல; கன்னத்தின் இருட்டுக்கு அந்தப் பக்கம், சட்டையிலிருந்து திரும்பிய வெளிச்சம் தாடையில் இளஞ்சிவப்பாகப் படிந்திருந்தது. முட்டையில் பார்த்தோமே, அதே.

கிட்டப் போய்ப் பார்த்துக்கொண்டிருந்தபோது பக்கத்துப் பூக்கடைக்காரம்மா கேட்டார்: "என்ன சார், உங்க படத்தை விட்டுட்டாங்களா?"