கடைசி வரிசைக்கான முகம்

ஆபீஸ் வீடியோ கால்ல குரல் அரை நொடி பிந்தினாலே எனக்கு எரிச்சல் வரும். அந்தப் புத்தியோடுதான் ஜியோவானி மார்ட்டினெல்லி பாடும் குறும்படத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்தேன். படம் ஃபிலிமில், குரல் 16 அங்குல இசைத்தட்டில்; இரண்டையும் ஒரே மோட்டார் ஓட்டியது. அதுதான் வைட்டபோன். 1926 ஆகஸ்ட் 6 அன்று நியூயார்க்கில், ‘டான் ஜுவான்’ படத்துக்கு முன்னால் திரையிட்டார்கள். மார்ட்டினெல்லியைக் கொண்டாடினார்கள். அதே நிகழ்ச்சியில் மேரியன் டாலி எடுபடவில்லை. இத்தனைக்கும் அந்தப் பிப்ரவரியில்தான், 19 வயதில், மெட்ரோபாலிடன் ஆபராவில் அறிமுகமாகிப் பரபரப்பைக் கிளப்பியிருந்தார்.

ஆபரா முகபாவம் கடைசி வரிசைக்கானது, கேமராவுக்கு அது மிகை என்பார்கள். எனக்கு இது பாதி விளக்கம்தான். மார்ட்டினெல்லியும் மிகையாகத்தானே செய்கிறார்? ஆனால் ‘பாலியாச்சி’யின் கானியோ ஒரு நாடகக் கோமாளி. மனைவியின் துரோகம் தெரிந்த கையோடு வேஷம் கட்டி மேடையேற வேண்டியவன். மிகைதான் அவன் பிழைப்பு. டாலி பாடியதோ ‘ரிகொலெட்டோ’வின் கில்டா. காதலன் பெயரைத் தனிமையில் சொல்லிப் பார்க்கும் பெண். அந்தத் தனிமைக்குள் கேமரா நுழைந்தால் கில்டா மறைந்து பாடகிதான் மிஞ்சுவார்.

சினிமா ஆபராவை விரட்டிவிட்டது என்று சொல்வது சுலபம். அது ஒரு கேள்வியைத்தான் கேட்டது என்று எனக்குத் தோன்றுகிறது: நீங்க யாருக்காகப் பாடுறீங்க? உதடும் குரலும் ஒத்துப்போவதை மோட்டார் பார்த்துக்கொண்டது. முகமும் குரலும் ஒத்துப்போவதைப் பாடுபவர்தான் பார்த்துக்கொள்ள வேண்டியிருந்தது.