மூட்டு எங்கே வைப்பது?

தோல்பாவைக்கூத்தில் ராமன் வில்லோடு நடந்து போகிறான். திரும்பிப் பார்க்க வேண்டிய கட்டம் வந்ததும் கூத்தர் குச்சியை விரலிடையில் உருட்டிப் பாவையைப் புரட்டுகிறார். ராமன் திரும்பிவிட்டான். ஆனால் இடது கையில் இருந்த வில் வலது கைக்குப் போய்விட்டது. வேட்டித் திரைக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்திருப்பவர்கள் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. தட்டையான உருவத்துக்குத் திரும்பத் தெரியாது, புரளத்தான் தெரியும் என்பதைக் கூத்தின் முதல் கால் மணி நேரத்திலேயே கண் ஒப்புக்கொண்டுவிடுகிறது.

பாரிஸிலும் நியூயார்க்கிலும் முதன்முதலாகச் சித்திரத்தை அசைத்துப் பார்த்தவர்களும் இதே இடத்தில்தான் முட்டிக்கொண்டு நின்றார்கள். உடம்பில் எதை அசைப்பது, எதைச் சும்மா விடுவது, மூட்டை எங்கே வைப்பது? கார்ட்டூன் படத்தின் தொடக்ககாலக் கண்டுபிடிப்புகளில் பெரும்பாலானவை இந்தக் கேள்விக்குச் சொல்லப்பட்ட வெவ்வேறு பதில்கள். தாமிரபரணிக் கரை ஊர்களில் பாவைக் கட்டைத் தூக்கிக்கொண்டு திரிந்த கூத்தர்கள் சொன்ன பதிலையும் அவற்றோடு வைத்து எடைபோட வேண்டும். நாட்டுப்புறக் கலை என்ற தனி அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்டால் அதன் தொழில்நுட்ப மதிப்பு யார் கண்ணிலும் படாது.

திருநெல்வேலி, கன்னியாகுமரி, மதுரை வட்டாரங்களில் இக்கூத்தை நடத்திவந்தவர்கள் மண்டிகர் சமூகத்தார். தஞ்சை மராட்டியர் காலத்தில் வந்து தெற்கே பரவியவர்கள் என்று கருதப்படுகிறார்கள். பெயருக்குப் பின்னால் ‘ராவ்’ இருக்கும். வீட்டில் மராத்தி, திரையில் தமிழ். ஆய்வாளர்கள் மு. இராமசுவாமியும் அ.கா. பெருமாளும் ஊர் ஊராகப் போய் இவர்களைப் பற்றி எழுதிவைத்திராவிட்டால் இன்று பேசுவதற்கே ஆதாரம் குறைவாக இருந்திருக்கும்.

பாவை ஆட்டுத்தோலில் ஆவது. தோலை ஊறவைத்து, மயிரை வழித்து, இழுத்துக் கட்டிக் காயவைத்தால் வெளிச்சம் ஊடுருவும் அளவுக்கு மெலிந்துவிடும். அதில் உருவத்தை வரைந்து, வெட்டி, இரண்டு பக்கமும் சாயம் ஏற்றுவார்கள். பிறகுதான் உளி வேலை. கழுத்தில் ஆரம், காதில் குண்டலம், உடையின் கரை எல்லாம் வரிசை வரிசையான சிறு துளைகள். கையில் எடுத்துப் பார்த்தால் அழுக்கேறிய, விறைத்த ஒரு தோல் துண்டு, அவ்வளவுதான். விளக்குக்கு முன்னால் பிடித்ததும் ஒவ்வொரு துளையும் ஒரு மணியாகிவிடுகிறது. ராமனின் நகை வெறும் வெளிச்சத்தால் ஆனது. எந்தச் சாயத்துக்கும் அந்த மினுக்கம் வராது.

மூட்டு விஷயத்துக்கு வருவோம். ராமன், சீதை, ராவணன் போன்ற பெரிய பாத்திரங்கள் பெரும்பாலும் ஒரே தோல். கை ஒன்று அசைந்தால் அதிகம். அசோகவனம் போன்ற காட்சிகளில் ஆளும் மரமும் சேர்ந்தே ஒரே தோலாக வந்து நிற்பதுண்டு. கை, கால், கழுத்து என்று மூட்டுகள் தாராளமாகக் கிடைப்பது கோமாளிகளுக்குத்தான். உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் திரைக்கு வந்தால் உடம்பில் அசையாத இடமே இருக்காது. ஒருவனை ஒருவன் அடிப்பான், உருளுவான், ஊர்க்கதை பேசுவான், சினிமாப் பாட்டை எடுத்துவிடுவான். தெய்வம் நிலைகொண்டு நிற்க, ஊரான் துள்ளுகிறான். கூத்தருக்கு இரண்டே கைதான். அந்த இரண்டு கையை எங்கே செலவழிப்பது என்று யோசித்து எடுத்த முடிவு இது. அசையாமல் இருப்பதே ராமனுக்கு மரியாதையாகவும், அசைந்துகொண்டே இருப்பது கோமாளிக்கு இயல்பாகவும் அமைந்துவிட்டது. கையிருப்புக் குறைவை அழகாக மாற்றிய இந்தக் கணக்குத்தான் இக்கூத்தின் ஆகப் பெரிய பலம்.

இப்போது கடல் கடந்து பார்க்கலாம். பிரான்சில் எமில் ரெய்னோ 1892 அக்டோபர் 28 அன்று பாரிஸின் கிரெவின் அருங்காட்சியகத்தில் தன் கையால் தீட்டிய படச்சுருளைத் திரையில் ஓட்டிக் காட்டினார். ‘பாவம் பியரோ’ என்ற அந்தக் காட்சிக்கு 500 படங்கள். லூமியேர் சகோதரர்களின் சினிமா வருவதற்கு மூன்று ஆண்டுகள் முந்தைய சங்கதி இது. சினிமா வந்தபின் கூட்டம் அங்கே போய்விட்டது. மனமுடைந்த ரெய்னோ கடைசியில் தன் சுருள்களில் பெரும்பாலானவற்றை சேன் நதியில் எறிந்தார். 1908இல் எமில் கோல் 700 ஓவியங்களை வரைந்து, ஒவ்வொன்றையும் இரண்டு முறை படமெடுத்து, இரண்டு நிமிடத்துக்கும் குறைவான ‘ஃபாண்டாஸ்மகோரி’யை உருவாக்கினார். அதில் மூட்டே கிடையாது. கோடு யானையாகும், யானை வீடாகும். உடம்புக்கு எலும்பு இருக்க வேண்டிய கட்டாயம் சித்திரத்துக்கு இல்லை என்று காட்டியதுதான் கோலின் சாதனை.

அமெரிக்காவில் வின்சர் மெக்கே எதையும் சும்மா விடவில்லை. 1914இல் வந்த ‘கெர்ட்டி’ என்ற டைனோசர் படத்தில் கெர்ட்டி மூச்சு விடும்போது வயிறு ஏறி இறங்கும். விலங்குக்கு மனநிலை இருப்பதாக நம்ப வைத்த முதல் கார்ட்டூன் என்றே அதைச் சொல்லலாம். ஆனால் அசையாத மலையையும் தரையையும்கூட ஒவ்வொரு தாளிலும் மறுபடி வரைய வேண்டியிருந்தது. ஜான் ஃபிட்ஸ்சிம்மன்ஸ் என்ற இளைஞர் உட்கார்ந்து அதே பாறையை ஆயிரக்கணக்கான முறை படியெடுத்தார். ஒரு விநாடிக்கு 24 சட்டம் (ஃபிரேம்) என்ற பிற்காலக் கணக்கில், ஒரு நிமிடத்துக்கு 1,440 சட்டங்கள். இரண்டு சட்டத்துக்கு ஒரு படம் என்று சிக்கனம் பிடித்தாலும் 720 ஓவியங்கள். ஒரு பாறைக்காக இத்தனை உழைப்பு தாங்காது.

அந்த வீணான உழைப்புக்கு முடிவு கட்டியவர் எர்ல் ஹர்ட். அசைகிற உருவத்தை மட்டும் செல்லுலாய்டு தாளில் வரைந்து, அசையாத பின்னணியின் மேல் அதை வைத்துப் படமெடுக்கலாம் என்று 1914இல் காப்புரிமைக்கு விண்ணப்பித்தார். ஸ்டூடியோ நடத்திவந்த ஜான் பிரே அவரோடு சேர்ந்துகொண்டு, இந்த முறையைப் பயன்படுத்திய மற்ற ஸ்டூடியோக்களிடம் 1932 வரை உரிமத் தொகை வாங்கினார். அசைவது ஒரு தாள், அசையாதது ஒரு தாள் என்ற இந்தப் பிரிவினைதான் கார்ட்டூனைத் தொழிற்சாலைப் பண்டமாக்கியது. அசோகவனத்தைத் தனித் தோலாகத் திரையில் குத்தி நிறுத்திவிட்டு, அனுமனை மட்டும் கையில் எடுக்கும் கூத்தர் செய்வதும் இதே பிரிவினைதான். அவர் யாரிடமும் உரிமத் தொகை கேட்டதில்லை.

தொழிற்சாலை ஆனதற்கு ஒரு விலை இருந்தது. வரைபவர் ஒருவர், கோட்டுக்கு மை இழுப்பவர் ஒருவர், வண்ணம் நிரப்புபவர் ஒருவர் என்று வேலை துண்டுபட்டது. டிஸ்னி ஸ்டூடியோவில் மை இழுத்து வண்ணம் நிரப்பிய பெண்களின் பெயர் திரையில் வரவில்லை. 1941இல் அங்கே நடந்த வேலைநிறுத்தத்துக்குச் சம்பளமும் பெயர்ப் பட்டியலும் சேர்ந்தே காரணமாயின. இந்தக் குறை நம் கூத்துக்கும் உண்டு என்பதை மறைக்கக் கூடாது. பாவையை ஆட்டுபவர்தான் கூத்தர். பக்கத்தில் உட்கார்ந்து ஆர்மோனியம் வாசித்துப் பாடும் வீட்டுப் பெண்ணின் பெயரை ஊர் கேட்டதில்லை. அவள் குரல் இல்லாமல் ராமாயணம் நகராது.

தோல்பாவைக்கு மிக நெருங்கிய உறவு என்று ஐரோப்பாவில் ஒருவரைக் காட்டச் சொன்னால் லோட்டே ரைனிகரைத்தான் காட்ட வேண்டும். 1926இல் பெர்லினில் வெளியான ‘இளவரசர் அக்மத்’ முழுநீளப் படத்துக்காக அட்டையையும் மெல்லிய ஈயத் தகட்டையும் வெட்டி, கம்பியால் மூட்டுக் கட்டி, கீழிருந்து வெளிச்சம் வரும் கண்ணாடி மேசையில் படுக்கவைத்து, ஒவ்வொரு சட்டத்துக்கும் ஒரு மயிரிழை நகர்த்தினார். மூன்று ஆண்டு வேலை. அவருடைய இளவரசிக்கு இடுப்பிலும் மணிக்கட்டிலும் மூட்டு உண்டு. நம் சீதைக்கு இல்லை. நுணுக்கத்தில் ரைனிகர் ஒரு படி மேலே என்பதில் சந்தேகம் வேண்டாம். ஆனால் அவருடைய உருவங்கள் முழுக்கக் கறுப்பு. உடம்பின் ஓரக்கோடு ஒன்றை வைத்தே அழுகை, ஆசை, பயம் எல்லாவற்றையும் சொல்லியாக வேண்டும். தோல்பாவைக்கு நிறம் இருக்கிறது, முக்கியமாகக் கண் இருக்கிறது.

அந்தக் கண் எங்கிருந்து வந்தது என்று தேடினால் ஆற்றங்கரையிலேயே விடை கிடைக்கிறது. தாமிரபரணியோடு கடனாநதி கலக்கும் திருப்புடைமருதூரில் நாறும்பூநாதர் கோயில் கோபுரத்துக்குள் ஐந்து நிலைகளிலும் சுவரை நிறைத்து ஓவியங்கள். போர்க்காட்சி, குதிரைகளை ஏற்றிவரும் கப்பல், தெய்வத் திருமணங்கள் என்று பட்டை பட்டையாக ஓடும் கதைகள். 1532இல் நடந்த தாமிரபரணிப் போரை இந்த ஓவியங்களில் கண்டவர் ஆய்வாளர் சா. பாலுசாமி. இங்கே பல முகங்கள் பக்கவாட்டில் திரும்பியிருக்க, கண் மட்டும் முழுசாகத் தெரியும். தோல்பாவையின் முகமும் இதே இலக்கணத்தில் அமைந்ததுதான். சுவரில் கதை நகர வேண்டுமானால் பார்ப்பவர் குறுகிய படியேறி நடக்க வேண்டும். கூத்தில் பார்ப்பவர் உட்கார்ந்திருக்க, சித்திரம் நடக்கிறது. இன்னும் கொஞ்சம் வடக்கே, சிற்றாறு விழும் குற்றாலத்தில், சித்திர சபையில் நடராசர் ஆடுவதே ஓவியத்தில்தான். ஆடலைச் சித்திரமாக வைத்துக் கும்பிட்ட பகுதி இது.

பக்கவாட்டு முகத்துக்கு உள்ள எல்லையையும் சொல்ல வேண்டும். ராமன் ஒருபோதும் பார்வையாளரை நேருக்கு நேர் பார்க்க முடியாது. நேர்முகமாக வரும் சில பாவைகளோ இரண்டு பக்கமும் ஒன்றுபோல் இறுகி நிற்கும். கோபம் கூடினாலும் முகம் மாறாது, குரல்தான் மாறும். குரலில் தேர்ந்த கூத்தர் போய்விட்டால், வாரிசின் கையில் அதே பாவை செத்துக் கிடக்கும். எல்லாப் பாத்திரங்களின் பேச்சும் ஒருவரின் தொண்டையில் இருப்பது பெரிய பலம், பெரிய ஆபத்தும்கூட.

கோமாளிகளின் பேச்சிலும் பழுது உண்டு. ஊர்ச் செய்தியை அன்றைக்கே திரையில் கொண்டுவரும் துடிப்பு எந்தக் கார்ட்டூனுக்கும் வாய்க்காதது. ஆனால் அதே வாயில் பெண்களை இழிக்கும் வசனமும் உடல் குறையைக் காட்டிச் சிரிக்க வைக்கும் வழக்கமும் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. அமெரிக்கக் கார்ட்டூனின் தொடக்கக் காலத்தில் கறுப்பின மக்களைக் கேலி செய்யும் உருவங்கள் மலிந்திருந்தன. அவற்றை இன்று எச்சரிக்கையோடுதான் காட்டுகிறார்கள். மரபு என்ற பெயரில் நாமும் எல்லாவற்றுக்கும் தலையாட்ட வேண்டியதில்லை.

கோமாளிக்கு மூட்டு கொடுத்த இன்னொருவர் மேக்ஸ் ஃப்ளைஷர். 1917இல் காப்புரிமை பெற்ற ரோட்டோஸ்கோப் கருவியில், ஆள் நடித்த படத்தைச் சட்டம் சட்டமாக வீழ்த்தி அதன் மேல் கோடு இழுக்கலாம். தம்பி டேவ் கோமாளி உடையில் குதித்தார், அதிலிருந்து கோகோ என்ற கார்ட்டூன் கோமாளி பிறந்தான். அசைவு அச்சு அசலாக வந்தது. எதை விடுவது என்று தேர்ந்தெடுக்கும் வேலை மட்டும் ஓவியரின் கையைவிட்டுப் போனது. கோகோ வேடிக்கையாக இருப்பது படியெடுத்த இடங்களைவிட, படியெடுப்பதை மறந்து மைப்புட்டியிலிருந்து வழிந்து உருமாறும் இடங்களில்தான். தமிழில் இதன் வாரிசு 2014இல் வந்த ‘கோச்சடையான்’. ரஜினிகாந்தின் உடலசைவைக் கருவிகள் பதிந்துகொண்டன. ஆனால் அவருடைய கவர்ச்சி சட்டென்று நிற்பதிலும் சட்டென்று திரும்புவதிலும் இருப்பது. அளந்தெடுத்த அசைவு எல்லாவற்றையும் ஒரே வழவழப்பாக்கிவிட, கண்ணில் உயிர் தங்கவில்லை. ராமனை அசையாமல் நிறுத்திய கூத்தருக்கு இந்தச் சூட்சுமம் தெரிந்திருந்தது.

இந்திய அசைபடத்தின் தொடக்கத்தில் பால்கே இருக்கிறார். ‘ராஜா ஹரிச்சந்திரா’வுக்கு முன்பே, 1912 வாக்கில், தொட்டியில் பட்டாணி முளைத்து வளர்வதை நாளுக்கு ஒரு சட்டமாக எடுத்துக் காட்டினார். 1915இல் தீக்குச்சிகளை அசைத்து ஒரு படம் செய்தார். தமிழ்நாட்டில் ஜெமினி ஸ்டூடியோ 1947இல் ‘சினிமா கதம்பம்’ என்ற சித்திரப் படத்தை எடுத்தது. 1956இல் பம்பாய் ஃபிலிம்ஸ் டிவிஷனில் கார்ட்டூன் பிரிவு தொடங்கியபோது, இந்தியாவில் பிறந்து டிஸ்னியில் வேலை பார்த்த கிளேர் வீக்ஸ் வந்து பயிற்சி கொடுத்தார். ஜாதகக் கதையிலிருந்து 1957இல் வெளிவந்த ‘ஆலமரத்து மான்’ அந்தப் பயிற்சியின் விளைவு. ராம் மோகன் போன்ற தேர்ந்த கலைஞர்களை அந்தப் பிரிவு தந்தது. ஆனால் நூற்றுக்கணக்கான ஆட்களும் பெரும் பணமும் வேண்டிய டிஸ்னி பாணியைச் சிறிய பிரிவு ஒன்று தலையில் ஏற்றிக்கொண்டது. நாட்டின் தெற்கிலும் கிழக்கிலும் குறைந்த அசைவில் கதை சொல்லத் தெரிந்த பாவைக்கூத்தர் குடும்பங்கள் இருந்தன. அவர்களையும் ஆசிரியர்களாக உட்கார வைத்திருந்தால் இந்தியக் கார்ட்டூனின் நடை வேறாக இருந்திருக்கும்.

அமெரிக்காவே பிறகு அந்தச் சிக்கனத்துக்குத் திரும்பியது. தொலைக்காட்சிக்குப் பணம் பற்றாமல் 1957 முதல் ஹன்னா-பார்பெரா ஸ்டூடியோவினர் உடம்பை அசைக்காமல் தலையையும் வாயையும் மட்டும் அசைத்தார்கள். அவர்களுடைய யோகி கரடியின் கழுத்தில் இருக்கும் காலரும் டையும் அழகுக்கு மட்டும் போட்டவை அல்ல. தலை தனித்தாள், உடம்பு தனித்தாள். இரண்டும் சேரும் கோட்டைக் காலர் மறைக்கிறது. கோமாளிப் பாவையின் தோளில் முடிச்சு விழுந்த இடத்தைத் துணிக்கரை போலத் தீட்டி மறைப்பதும் இதே தந்திரம்.

இன்று கணினியில் கார்ட்டூன் பழகும் பிள்ளைகள் முதலில் கற்பது உருவத்தைத் துண்டு துண்டாக வெட்டி மூட்டுக்கு மூட்டு ஆணி அடிப்பதைத்தான். பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரியில் நாட்டார் வழக்காற்றியலுக்கென்றே ஒரு மையம் இருக்கிறது. அங்கிருந்து சில மணி நேரப் பயணத்தில் கூத்தர் குடும்பங்கள் இருக்கின்றன. அவர்களில் பலர் தொழிலை விட்டுவிட்டார்கள், மிச்சமிருப்பவர்களுக்கு வயதாகிறது. கூத்தைப் பதிவு செய்யப் போகிறவர்கள் திரைக்கு முன்னால் ஒரு கேமராவை வைத்தால் ராமாயணம் பதிவாகும், கை பதிவாகாது. இன்னொரு கேமராவை விளக்குக்குப் பின்னால், கூத்தரின் தோளுக்கு மேலே வைக்க வேண்டும். எந்தக் குச்சி எந்த விரலிடையில் இருக்கிறது, ராமனைப் புரட்டும் அந்த அரை விநாடியில் இடது கை உச்சிக்குடும்பனை எங்கே ஒளித்து வைத்துக்கொள்கிறது என்பது அங்கிருந்து பார்த்தால்தான் தெரியும்.