வெல்ஸின் படிகமும் வர்க்கப் பிளவும்

எச். ஜி. வெல்ஸ் 1895இல் வெளியிட்ட ‘கால இயந்திரம்’ என்னும் நாவலில், காலத்தைக் கடக்கும் பொறி நிக்கலாலும் தந்தத்தாலும் படிகக்கல்லாலும் ஆனது. காலம் நான்காவது பரிமாணம் என வாதிடும் ஆசிரியர், அப்படிகம் எவ்வாறு காலத்தை ஊடுருவுகின்றது என்பதை விளக்கினாரல்லர். இதனைக் குறையெனக் கொள்ளுதல் பொருந்தாது. படிகம் வாசகனை ஏற்றிச் செல்லும் வாகனமே. அவன் சென்றடையும் சமுதாயமே நாவலின் பொருளாகும்.

கி.பி. 802,701இல் மனித இனம் இரண்டாகப் பிளவுண்டு கிடக்கின்றது. உழையாது வாழ்ந்தோரின் வழிவந்த ஈலோய்கள் நிலத்தின்மேல் மலர்களிடையே விளையாடுகின்றனர். தொழிலாளரின் வழிவந்த மோர்லொக்குகள் நிலத்தின்கீழ் இயந்திரங்களை இயக்குகின்றனர். இருளில் மேலேறி வந்து ஈலோய்களையே உணவாக்குகின்றனர். வெல்ஸ் இளமையில் துணிக்கடையில் வேலை பழகியவர். அவருடைய தாயார் அப்பார்க் மாளிகையில் பணியாட்களை மேற்பார்த்தவர். அங்கு வேலைக்காரர் நடமாடுவதற்கு நிலத்தடி வழிகள் இருந்தன. ஆகவே இக்கற்பனையின் வேர் விக்டோரியா காலத்து இங்கிலாந்திலேயே உள்ளது எனலாம்.

ஆயினும், நோயைச் சரியாக இனங்கண்டவர் அதனை இயற்கையின் விதியாக்கிவிட்டார். இலண்டன் துறைமுகத் தொழிலாளர் 1889இல் வேலைநிறுத்தஞ் செய்து கூலி உயர்வு பெற்றனர். ஆறாண்டுகளின் பின் வெளிவந்த இந்நாவலிலோ தொழிலாளரின் சந்ததியார் ஒன்றுபட்டுப் போராடும் மனிதராகவன்றி, நடுத்தர வகுப்பினன் அஞ்சும் பூதங்களாகவே தோன்றுகின்றனர். அவர்களது உடல் மாறுகின்றது, உணர்வு வளரவில்லை. எட்டு இலட்சம் ஆண்டுகளைத் தாண்டிப் பார்த்த கண்ணுக்கு, அருகிலிருந்த துறைமுகம் புலப்படாமற் போயிற்று.